கைச்சைக்கிள்: ஊர்தி, உடற்பயிற்சி, விளையாட்டு

ஒரு கிணறு வெட்டப்பட்டது என்பது செலவுக் கணக்கு. அக்கிணற்று நீரால் எத்தனை ஏக்கர் விளைந்தது என்பதே வளர்ச்சிக் கணக்கு. பாசனத் துறையில் எல்லோரும் ஒப்புக்கொள்ளும் இவ்வுண்மையை, சமூக நலத் துறையில் நாம் எளிதில் மறந்துவிடுகிறோம். மாற்றுத்திறனாளிகளுக்கு மூன்று சக்கர சைக்கிள்கள் வழங்கும் திட்டத்தை இதற்கு எடுத்துக்காட்டாகக் கூறலாம். எத்தனை சைக்கிள்கள் வழங்கப்பட்டன என்பதை ஆண்டறிக்கைகள் தவறாமல் தெரிவிக்கின்றன. அவை எத்தனை கிலோமீட்டர் ஓடின என்பதை எந்த அறிக்கையும் தெரிவிப்பதில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் அலுவல் நிமித்தம் வட மாநிலம் ஒன்றின் சிற்றூருக்குச் சென்றிருந்தேன். இளமையில் போலியோவால் இரு கால்களும் செயலிழந்த ஒருவரின் வீட்டுத் திண்ணையோரம், அரசு வழங்கிய மூன்று சக்கர சைக்கிள் ஒன்று சங்கிலி அறுந்து நின்றது. அதன் இருக்கையின்மீது தானிய மூட்டை வைக்கப்பட்டிருந்தது. வண்டி வந்த புதிதில் நாள்தோறும் மூன்று மைல் தொலைவிலுள்ள சந்தைக்குத் தாமே சென்று வந்ததாகவும், அந்நாட்களில் பசியும் உறக்கமும் நன்றாக இருந்ததாகவும், தோள்கள் உரமேறியிருந்ததாகவும் அவர் கூறினார். சங்கிலி அறுந்த பின் எட்டு மாதங்களாக அவர் வீட்டை விட்டு வெளியேறவில்லை. அவர் வண்டியை ஓர் ஊர்தியாக மட்டும் இழக்கவில்லை. தமது உடற்பயிற்சியையும் இழந்திருந்தார் என்பது அப்போதுதான் எனக்குப் புலப்பட்டது. கையால் இயக்கும் சைக்கிளை உதவிக் கருவியாக மட்டுமன்றி, உடல்நலத்திற்கும் விளையாட்டிற்கும் உரிய சாதனமாகவும் கருத வேண்டியதன் அவசியத்தை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பழமையான கருவி

கால்களுக்குப் பதிலாகக் கைகளால் பெடலைச் சுழற்றி ஓட்டும் வண்டி ஆங்கிலத்தில் ஹேண்ட்சைக்கிள் எனப்படுகிறது. இங்கு அதனைக் கைச்சைக்கிள் என்றே குறிப்பிடுவோம். சாதாரண சைக்கிள் தோன்றியது பத்தொன்பதாம் நூற்றாண்டில். ஆனால் கையால் சுழற்றி ஓட்டும் வண்டி அதற்கு முன்பே தோன்றிவிட்டது என்பது வியப்பிற்குரியது. ஜெர்மனியில் நியூரெம்பர்க் நகருக்கு அருகிலுள்ள ஆல்ட்டார்ஃப் என்ற ஊரில் வாழ்ந்த ஸ்டீபன் ஃபார்ஃப்ளர் என்ற கடிகாரத் தொழிலாளி, நடக்க இயலாதவர். 1655-ஆம் ஆண்டில், தமது இருபத்திரண்டாம் வயதில், பல்சக்கரங்களையும் கைப்பிடிகளையும் கொண்டு தாமே இயக்கும் மூன்று சக்கர வண்டி ஒன்றை அவர் செய்துகொண்டார். பிறர் தள்ளிச் செல்ல வேண்டிய நிலையிலிருந்து விடுபட விரும்பிய ஒருவரின் கைவேலையே இக்கருவியின் தொடக்கம் எனலாம்.

இன்றைய கைச்சைக்கிள்கள் பல வகைப்பட்டவை. நிமிர்ந்து அமர்ந்து ஓட்டுபவை பொதுப் பயன்பாட்டிற்கு ஏற்றவை. பந்தயங்களில் பெரும்பாலும் தாழ்வான சட்டத்தில் சாய்ந்து படுத்த நிலையில் ஓட்டும் வண்டிகளும், முழங்காலிட்டு உடலின் எடையையும் சேர்த்து உந்தும் வண்டிகளும் பயன்படுகின்றன. சக்கர நாற்காலியின் முன்புறம் வேண்டும்போது பொருத்திக்கொள்ளும் தனி அமைப்பும் உண்டு. சாதாரண சைக்கிளில் ஒரு கால் மேலே வரும்போது மற்றது கீழே செல்கிறது. நவீன கைச்சைக்கிளில் இரு கைப்பிடிகளும் ஒரே நேரத்தில், ஒரே திசையில் சுழல்கின்றன. இதனால் உடல் பக்கவாட்டில் அசையாமல் நிலைபெறுகிறது. வண்டியைத் திருப்புவதும் எளிதாகிறது.

உடலுக்குக் கிட்டும் பயன்

கால்கள் செயலிழந்தவருக்கு ஓட்டம், நடை, நீண்ட தூர சைக்கிள் பயணம் ஆகிய வழக்கமான பயிற்சிகள் இயலாதவை. உடலின் மிகப் பெரிய தசைகள் கால்களிலும் இடுப்பிலும் அமைந்துள்ளன. அவை ஓய்ந்துவிடும்போது உடல் செலவிடும் ஆற்றல் குறைகிறது. எடை கூடுகிறது. நீரிழிவு, இருதய நோய் ஆகியவற்றின் அபாயம் பெருகுகிறது. ஆகவே ஊனத்தைக் காட்டிலும், ஊனத்தால் விளையும் அசைவின்மையே பலரது ஆயுளைக் குறைக்கிறது என்று கூறின் மிகையாகாது.

சக்கர நாற்காலியைக் கைகளால் தள்ளிச் செல்வதும் ஒரு பயிற்சிதானே என்று வாசகர்கள் வினவலாம். அதில் ஒரு குறை உண்டு. சக்கரத்தின் விளிம்பைப் பற்றித் தள்ளி, விட்டு, மீண்டும் பற்றும் அசைவு விட்டுவிட்டு நிகழ்வது. செலவிடும் ஆற்றலில் மிகச் சிறு பங்கே வண்டியை நகர்த்தப் பயன்படுகிறது. எஞ்சிய சுமை தோள் மூட்டிலும் மணிக்கட்டிலும் விழுகிறது. நெடுங்காலம் சக்கர நாற்காலியில் வாழ்வோரிடையே தோள்வலி பரவலாகக் காணப்படுவதற்கு இது ஒரு முக்கிய காரணம். கைச்சைக்கிளிலோ கைகள் பிடியை விடாமல் முழு வட்டமாகச் சுழல்கின்றன. தள்ளும் தசைகளும் இழுக்கும் தசைகளும் மாறிமாறி உழைக்கின்றன. கியர் இருப்பின் மேட்டிலும் சமவெளியிலும் சுமையைத் தம் வலிமைக்கேற்பக் குறைத்துக்கொள்ளலாம். எனவே அதே உழைப்பில் அதிக தொலைவு செல்ல முடிகிறது. இருதயமும் நுரையீரலும் நீண்ட நேரம் சீராக இயங்குகின்றன.

உலக சுகாதார நிறுவனம் 2020-ஆம் ஆண்டில் வெளியிட்ட உடற்பயிற்சி நெறிமுறைகள், மாற்றுத்திறனாளிகளுக்கெனத் தனிப் பரிந்துரைகளை முதன்முறையாக வழங்கின. வயது வந்தோர் வாரத்திற்கு 150 முதல் 300 நிமிடங்கள் மிதமான உழைப்பில் ஈடுபடுவது நலம் என்பது அவற்றின் சாரம். நாளொன்றுக்கு அரை மணி நேரம் வீதம் வாரத்தில் ஐந்து நாட்கள் கைச்சைக்கிள் ஓட்டினால் இந்த அளவின் கீழ்வரம்பு எட்டப்பட்டுவிடும். சந்தைக்கும் வேலைக்கும் சென்று வரும் பயணமே இதற்குப் போதுமானது.

கவனிக்க வேண்டிய சில எச்சரிக்கைகளும் உண்டு. தண்டுவடத்தின் மேற்பகுதியில் காயமுற்றோருக்கு வியர்வை சுரப்பது குறைவாக இருக்கும். உடலின் வெப்பம் எளிதில் தணிவதில்லை. நமது கோடையில் அவர்கள் அதிகாலையிலோ மாலையிலோ மட்டும் ஓட்டுவது நல்லது. உணர்ச்சியற்ற பகுதிகளில் அழுத்தப் புண் தோன்றாதிருக்க நல்ல மெத்தையும், நாள்தோறும் தோலைச் சோதிக்கும் வழக்கமும் தேவை. தாழ்வான வண்டிகள் லாரி ஓட்டுநரின் கண்ணுக்குப் புலப்படாதவை. ஆதலின் உயரமான கம்பில் கொடி ஒன்றைக் கட்டுவது இன்றியமையாதது.

விளையாட்டரங்கில்

மறுவாழ்வு மருத்துவமும் விளையாட்டும் ஒன்றோடொன்று பிணைந்தே வளர்ந்துள்ளன. இங்கிலாந்தின் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் தண்டுவடம் காயமுற்ற போர்வீரர்களுக்குச் சிகிச்சையளித்த டாக்டர் லுட்விக் குட்மன், விளையாட்டைச் சிகிச்சையின் ஒரு கூறாகவே கருதினார். 1948-ஆம் ஆண்டில் அவர் 16 பேரைக் கொண்டு நடத்திய வில்வித்தைப் போட்டியே பாராலிம்பிக் இயக்கத்தின் வித்தாகும். அவ்வியக்கத்தின் பயனை நம் நாடு தொடக்கத்திலேயே கண்டது. 1965-ஆம் ஆண்டுப் போரில் படுகாயமுற்ற இராணுவ வீரர் முரளிகாந்த் பேட்கர், 1972-இல் ஜெர்மனியின் ஹைடல்பர்க் நகரில் நடைபெற்ற போட்டியில் நீச்சலில் தங்கம் வென்று, இந்தியாவிற்கு முதல் பாராலிம்பிக் தங்கத்தை ஈட்டித் தந்தார்.

கைச்சைக்கிள் பந்தயம் 2004-ஆம் ஆண்டு ஏதென்ஸ் பாராலிம்பிக்கில் முதன்முதலாக இடம்பெற்றது. 2007 முதல் மாற்றுத்திறனாளிகளின் சைக்கிள் பந்தயங்களைச் சர்வதேச சைக்கிள் ஒன்றியம் நிர்வகித்து வருகிறது. வீரர்கள் எச்-1 முதல் எச்-5 வரை ஐந்து பிரிவுகளாக வகுக்கப்படுகின்றனர். கழுத்துப் பகுதியில் தண்டுவடம் காயமுற்று, கைகளின் வலிமையும் குன்றியவர்கள் முதற் பிரிவுகளிலும், முழங்காலிட்டு ஓட்ட இயன்றவர்கள் ஐந்தாம் பிரிவிலும் அடங்குவர். ஒருவர் பின் ஒருவராகப் புறப்பட்டு நேரத்தோடு போட்டியிடுவது, அனைவரும் ஒன்றாகப் புறப்படும் சாலைப் பந்தயம், குழுத் தொடரோட்டம் ஆகியவை போட்டி வகைகளாகும்.

இத்தாலியைச் சேர்ந்த அலெக்ஸ் ஜானார்டியின் வரலாறு பலரும் அறிந்தது. கார் பந்தய வீரரான அவர் 2001 செப்டம்பரில் ஜெர்மனியில் நேர்ந்த விபத்தில் இரு கால்களையும் இழந்தார். பின்னர் கைச்சைக்கிளைக் கற்று, 2012 லண்டன், 2016 ரியோ பாராலிம்பிக்குகளில் மொத்தம் நான்கு தங்கமும் இரண்டு வெள்ளியும் வென்றார்.

எனினும், வீரர்களை விடச் சாதாரண மக்களைப் பற்றிய ஓர் எடுத்துக்காட்டே திட்டமிடுவோருக்கு அதிகப் பயன் தரும். நெதர்லாந்து நாட்டின் மறுவாழ்வு மருத்துவ நிலையங்கள், சிகிச்சை முடிந்து வீடு திரும்பியவர்களைக் குழுக்களாகச் சேர்த்துச் சில மாதங்கள் பயிற்சியளித்து, 2013 முதல் ஆஸ்திரியாவின் கௌனர் பள்ளத்தாக்கில் கைச்சைக்கிளில் மலையேறச் செய்து வருகின்றன. தொலைவு ஏறத்தாழ 20 கிலோமீட்டர். ஏற்றம் 860 மீட்டருக்கும் மேல். பங்கேற்போரிற் பலர் முன்பின் பந்தயத்தில் கலந்துகொள்ளாதவர்கள். பயிற்சிக் காலத்தில் அவர்களது உடல்திறன் குறிப்பிடத்தக்க அளவு உயர்ந்ததை ஆய்வாளர்கள் அளந்து கண்டுள்ளனர். மருத்துவமனை வாயிலோடு மறுவாழ்வு முடிந்துவிடுவதில்லை என்பதே இதிலிருந்து நாம் பெறும் பாடம்.

நம் நாட்டின் நிலை

2011-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் மாற்றுத்திறனாளிகள் 2.68 கோடிப் பேர். அவர்களுள் இயக்கக் குறைபாடு உடையோர் ஏறத்தாழ 54 லட்சம். மாற்றுத்திறனாளிகளுள் பத்தில் ஏழு பேர் கிராமங்களில் வாழ்கின்றனர். ஏதேனும் ஒரு வேலையில் ஈடுபட்டிருப்போர் ஆண்களில் 47 சதவீதம். பெண்களில் 23 சதவீதமே. போலியோ நோய் நம் நாட்டில் ஒழிக்கப்பட்டு, 2014 மார்ச் மாதத்தில் சான்றும் பெறப்பட்டது. ஆயினும், முன்னர் பாதிக்கப்பட்டோர் இன்று நடுத்தர வயதில் உள்ளனர். சாலை விபத்துகளாலும், மரத்திலிருந்தும் கட்டடங்களிலிருந்தும் விழுவதாலும் தண்டுவடம் காயமுறுவோர் புதிதாகச் சேர்ந்துகொண்டே இருக்கின்றனர்.

அரசின் முயற்சிகள் குறைவானவை அல்ல. கான்பூரில் 1972-ஆம் ஆண்டு நிறுவப்பட்டு, 1976-இல் உற்பத்தியைத் தொடங்கிய செயற்கை அவயவங்கள் உற்பத்திக் கழகம் கைகளால் இயக்கும் மூன்று சக்கர சைக்கிள்களைத் தயாரித்து வருகிறது. 1981 முதல் நடைமுறையிலுள்ள உதவிக் கருவிகள் வழங்கும் மத்திய அரசுத் திட்டத்தின்கீழ் அவை ஏழைகளைச் சென்றடைகின்றன. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 30-ஆம் பிரிவு, விளையாட்டில் அவர்கள் பங்கேற்க வழிசெய்வதை அரசின் கடமையாக்கியுள்ளது. மாற்றுத்திறனாளி வீரர்களுக்கான பயிற்சி மையம் 2023-இல் குவாலியரில் திறக்கப்பட்டது. 2024 பாரிஸ் பாராலிம்பிக்கில் நம் வீரர்கள் 29 பதக்கங்கள் வென்றதோடு, அப்போட்டிகளின் சைக்கிள் பந்தயத்தில் முதன்முறையாக இந்தியர் இருவர் பங்கேற்றனர். ஆனால் அவர்கள் ஓட்டியது கைச்சைக்கிள் அன்று. 2023 டிசம்பரில் டில்லியில் நடந்த முதலாவது கேலோ இந்தியா பாரா விளையாட்டுகளின் ஏழு பிரிவுகளில் சைக்கிள் பந்தயம் இடம்பெறவில்லை.

அண்மை ஆண்டுகளில், கடும் ஊனமுற்றோருக்கு மின்கலத்தால் இயங்கும் வண்டிகளும் வழங்கப்படுகின்றன. கைகளும் வலுவிழந்தோர்க்கும் நெடுந்தொலைவு செல்வோர்க்கும் இது பெரும் வரமாகும். ஆயினும் வலுவான கைகள் உடையவருக்கு மோட்டாரை மட்டும் அளிப்பதால், அவருக்கிருந்த ஒரே உடற்பயிற்சியும் நின்றுவிடக்கூடும். ஒன்று மற்றொன்றிற்கு மாற்றாகாது. இரண்டிற்கும் தனித்தனி இடமுண்டு.

செய்யத்தக்கவை

வெளிநாட்டுப் பந்தயக் கைச்சைக்கிளின் விலை பல லட்சம் ரூபாய். நமது மூன்று சக்கர சைக்கிளுக்கோ சில ஆயிரங்களே செலவாகின்றன. இவ்விரண்டிற்கும் இடையே, கியரும் நல்ல பிரேக்கும் கொண்ட, எடை குறைந்த இந்தியக் கைச்சைக்கிள் ஒன்று தேவை. அதன் சங்கிலி, கியர், பிரேக், சக்கரங்கள் யாவும் சாதாரண சைக்கிளின் உறுப்புகளே. லூதியானாவை மையமாகக் கொண்டு சைக்கிள் உற்பத்தியில் உலகின் முன்னணியிலுள்ள நாட்டிற்கு இது அரிதான காரியமன்று.

இரண்டாவதாக, வண்டி பயனாளியின் உடலுக்குப் பொருந்த வேண்டும். கைப்பிடியின் உயரமும் தொலைவும் தவறினால் தோள்வலியே மிஞ்சும். வழங்கும் முகாமிலேயே அளவெடுத்துப் பொருத்தி, ஓட்டக் கற்பிக்க வேண்டும். மாவட்ட மறுவாழ்வு மையங்கள் இப்பணிக்கு உகந்தவை.

மூன்றாவதாக, பழுதுபார்க்கும் வசதி. ஊருக்கொரு சைக்கிள் கடை இருந்தும், உறுப்புகள் கிடைக்காமையாலும் கைப்பணம் இல்லாமையாலும் வண்டிகள் முடங்குகின்றன. வண்டியின் விலையோடு மூன்றாண்டுப் பராமரிப்புச் செலவையும் மானியத்தில் சேர்த்தால், முதலீடு வீணாகாது. தொழிற்பயிற்சி நிலையங்களில் இவ்வேலையை மாற்றுத்திறனாளிகளுக்கே கற்றுத் தரலாம்.

நான்காவதாக, மாவட்ட விளையாட்டரங்குகள் ஒவ்வொன்றிலும் இரண்டு மூன்று கைச்சைக்கிள்களை வைத்து, வாரத்தில் சில மணி நேரம் ஒதுக்கினால், தனியே வாங்க இயலாதோரும் முறைவைத்துப் பயிற்சி பெறலாம். வீட்டை விட்டு வெளியே வரத் தயங்கும் பெண்களுக்கெனத் தனி நேரம் ஒதுக்குவது அவசியம். நாளைய பந்தய வீரர்கள் இங்கிருந்தே உருவாகுவர்.

இறுதியாக, இத்திட்டத்தை மதிப்பிடும் அளவுகோல் மாற வேண்டும். வழங்கி ஓராண்டு கழித்து, மாதிரிக்குச் சில கிராமங்களைத் தேர்ந்து, வண்டி ஓடுகிறதா, எவ்வளவு தூரம் ஓடுகிறது, ஓட்டுபவரின் வருமானமும் உடல்நலமும் எவ்வாறுள்ளன என்று கேட்டறிவதற்கு அதிகச் செலவாகாது. திண்ணையோரம் மூட்டை சுமந்து நிற்கும் வண்டி, ஆண்டறிக்கையில் ஒரு வெற்றியாகவே எண்ணப்படுகிறது. அறுந்த சங்கிலி ஒன்றை மாற்றியிருந்தால், அம்மனிதர் மறுநாளே சந்தைக்குப் புறப்பட்டிருப்பார். அந்த மூன்று மைல் பயணத்தையும் வளர்ச்சியின் கணக்கில் சேர்க்க நாம் கற்றுக்கொள்ள வேண்டும்.