கடற்கரைக்கு ஒரு பேரேடு

திருவொற்றியூரில் நாலு பெரியவர்களை நிறுத்தி, "கடல் எவ்வளவு தூரம் உள்ளே வந்திருக்கிறது?" என்று கேட்டுப் பாருங்கள். ஒருவர் இரண்டு தெரு என்பார். இன்னொருவர் அரை பர்லாங் என்பார். மூன்றாமவர், தம் தகப்பனார் வலை உலர்த்திய இடத்தில் இன்று அலையடிக்கிறது என்று கை நீட்டிக் காட்டுவார். யாரும் பொய் சொல்லவில்லை. ஆனால் இந்த வாய்க்கணக்கை வைத்துக்கொண்டு அரசாங்கம் தடுப்புச் சுவர் கட்ட முடியாது. ஒரு வியாபாரி கடலோரமாகக் கிடங்கு போடவும் முடியாது. வாய்க்கணக்கின் லட்சணம் நம் உறுப்பினர்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

இந்தக் கணக்கை ஒழுங்காக எழுத ஆராய்ச்சியாளர்கள் கையாளும் முறைக்குப் புவியியல் தகவல் முறைமை என்று பெயர். சுருக்கமாக ஜி.ஐ.எஸ். என்கிறார்கள். பெயரைக் கேட்டு மிரள வேண்டாம். நம் மண்டியில் நாள்வழி ஒன்று, பேரேடு ஒன்று, இருப்புப் புத்தகம் ஒன்று என்று தனித்தனியே வைத்திருக்கிறோம். பக்க எண்ணைப் பிடித்துக்கொண்டு ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் போகிறோம். ஜி.ஐ.எஸ்.ஸில் சாலைகளுக்கு ஒரு புத்தகம், வாய்க்கால்களுக்கு ஒன்று, கட்டடங்களுக்கு ஒன்று, தரையின் மேடுபள்ளத்துக்கு ஒன்று. இவற்றை இணைக்கும் பக்க எண் 'இடம்'; அதாவது அட்சரேகையும் தீர்க்கரேகையும். ஒரே இடத்தைப் பற்றிய செய்திகள், கண்ணாடித் தாள்களில் வரைந்து அடுக்கியதுபோல் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து உட்காரும்.

கணினியில் இதை 1960களில் கனடாவில் தொடங்கியவர் ரோஜர் டாம்லின்சன். அந்நாட்டின் நிலவளத்தைக் கணக்கெடுப்பதற்காகச் செய்தது. யோசனை என்னவோ அதற்கும் பழையது. 1854-இல் லண்டனில் காலரா பரவியபோது ஜான் ஸ்னோ என்ற மருத்துவர், இறந்தவர்களின் வீடுகளையும் தெருவிலுள்ள தண்ணீர்க் குழாய்களையும் ஒரே படத்தில் குறித்தார். பிராட் தெருக் குழாயைச் சுற்றியே சாவுகள் குவிந்திருந்தன. காலரா தண்ணீரால் பரவுகிறது என்ற அவருடைய வாதத்துக்கு அந்தப் படம் நல்ல சாட்சியாயிற்று.

நம் கரைக்கு வருவோம். கிழக்குக் கரையில் ஆண்டின் பெரும்பகுதி அலைகள் மணலைத் தெற்கிலிருந்து வடக்கே தள்ளிக்கொண்டு போகின்றன. வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் மட்டும் கொஞ்சம் திரும்பும். 1870களில் சென்னைத் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் கல்சுவர் எழுப்பத் தொடங்கினார்கள். வடக்கே போக வேண்டிய மணல் சுவரில் முட்டித் தெற்கே தங்கிவிட்டது. இன்று நாம் காற்று வாங்கப் போகிற மெரினாவின் அகலம் அப்படிச் சேர்ந்த மணலே. ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் என்று நம் பக்கத்துக்கு வரவேண்டிய சரக்கு வரவில்லை. அலை எடுத்துப் போவது மட்டும் நிற்கவில்லை. வரவு நின்று செலவு மட்டும் நடந்தால் இருப்பு என்ன ஆகும்? 1876 முதல் 1975 வரை துறைமுகத்துக்கு வடக்கே சுமார் 500 மீட்டர் கரை போயிற்று என்றும், 1978க்கும் 1995க்கும் நடுவில் மேலும் 200 மீட்டர் போயிற்று என்றும் ஒரு மதிப்பீடு உண்டு. மெரினாவுக்கு வந்த மணல் யாருடைய கணக்கில் பற்று எழுதப்பட்டது என்று நான் சொல்ல வேண்டாம்.

இத்தகைய இருப்பை எப்படி எடுக்கிறார்கள்? இந்திய நில அளவைத் துறையின் பழைய வரைபடங்கள் இருக்கின்றன. 1972 முதல் அமெரிக்காவின் லேண்ட்சாட் செயற்கைக்கோள்கள் எடுத்த படங்களும், 1988 முதல் நம் நாட்டின் ஐ.ஆர்.எஸ். செயற்கைக்கோள்கள் எடுத்த படங்களும் இருக்கின்றன. ஒவ்வொன்றும் ஒவ்வோர் அளவில் இருக்கும். எனவே முதலில் நகராத பொருள்களைத் தேடுகிறார்கள். கோயில் கோபுரம், ரயில் பாதை, பழைய சாலைச் சந்திப்பு போன்றவற்றைப் பிடித்து எல்லாப் படங்களையும் ஒரே அளவுக்குப் பொருத்துகிறார்கள். பிறகு ஒவ்வோர் ஆண்டின் கரையையும் தனித்தனிக் கோடாக வரைகிறார்கள். நிலத்துப் பக்கம் ஓர் ஆதாரக் கோடு போட்டு, அதிலிருந்து கடலை நோக்கி ஒரே இடைவெளியில் குறுக்குக் கோடுகள் இழுக்கிறார்கள். ஒவ்வொரு குறுக்குக் கோட்டையும் எந்த ஆண்டின் கரை எத்தனை மீட்டரில் வெட்டுகிறது என்று கணினி அளந்து, ஆண்டுக்கு இவ்வளவு என்று விகிதம் போடுகிறது. ஒவ்வொரு குறுக்குக் கோடும் ஒரு வாடிக்கைக்காரரின் பக்கம் மாதிரி. பக்கத்துப் பக்கத்துக் கோடுகளிலேயே ஒன்றில் வரவும் ஒன்றில் நஷ்டமும் இருக்கும்.

இதில் ஏமாறவும் இடமுண்டு. லேண்ட்சாட் படத்தில் ஒரு புள்ளி என்பது தரையில் 30 மீட்டர் சதுரம். முதல் வரிசைச் செயற்கைக்கோள்களில் அது ஏறக்குறைய 80 மீட்டர். அதை வைத்துக்கொண்டு ஒரே வருஷத்தில் கரை 5 மீட்டர் போயிற்று என்று சொன்னால் நம்பக்கூடாது. மூட்டை நிறுக்கும் தராசில் பெருங்காயம் நிறுக்கிற கதை அது. இன்னொன்று, கடற்கரை பருவத்துக்குப் பருவம் மெலியும், பருக்கும். ஒரு படம் கோடையிலும் மறுபடம் மழைக்காலத்திலும் எடுத்ததானால், தீபாவளிக்கு முந்தைய வார இருப்பையும் ஆடி மாத இருப்பையும் ஒப்பிட்டு வியாபாரம் படுத்துவிட்டது என்பதுபோல் முடியும். நல்ல ஆய்வாளர் பல வருஷப் படங்களை, கூடியவரை ஒரே பருவத்தில், எடுத்துக்கொள்வார்.

சென்னையிலுள்ள தேசிய கடலோர ஆராய்ச்சி மையம் இம்முறையில் நாடு முழுவதற்கும் கணக்கெடுத்தது. 1990 முதல் 2018 வரையிலான அந்தக் கணக்கில் இந்தியக் கரையில் 33.6 சதவீதம் அரிப்புக்கு உள்ளானது. தமிழ்நாட்டில் ஏறத்தாழ 43 சதவீதம். நம் பக்கம் 2004-ஆம் ஆண்டையொட்டிக் கடலுக்குள் குறுக்கே கற்களைக் கொட்டித் தடுப்புகள் போட்டார்கள். அவற்றின் நடுவே மணல் சேர்ந்ததைக் கண்ணால் பார்த்தோம். ஆனால் ஒரு தடுப்பு இங்கே மணலைப் பிடித்தால் வடக்கே இருப்பவருக்கு அந்த மணல் போகாது. ஆகவே திருவொற்றியூரை மட்டும் அளந்துவிட்டுத் திருப்திப்பட முடியாது; எண்ணூர்க் குப்பங்கள் வரை ஒரே பேரேட்டில் எழுதிப் பார்க்க வேண்டும்.

பேரேட்டை எழுதுகிறவர் கை சுத்தமாக இருக்க வேண்டும் என்பதற்கும் நம் பக்கத்திலேயே பாடம் இருக்கிறது. கடற்கரை ஒழுங்குமுறை விதிகளின் கீழ் 1996-இல் மத்திய அரசு ஒப்புதல் அளித்த வரைபடத்தில் எண்ணூர்க் கழிமுகம் உள்ளது. பின்னால் பயன்பட்ட வேறொரு வரைபடத்தில் சுமார் 6,500 ஏக்கர் கழிமுகம் காணாமற் போயிருப்பதாகச் சுற்றுச்சூழல் ஆர்வலர்கள் 2017-இல் எடுத்துக்காட்டினார்கள். தண்ணீர் இருக்கிற இடம் தாளில் நிலமாகிவிட்டால் அதன்மேல் கட்டடம் எழும்புவதற்குத் தடை இல்லாமற் போகிறது. கணினியில் பல வண்ணத்தில் வந்துவிட்டதாலேயே ஒரு வரைபடம் மெய்யாகிவிடாது. மூலச் சீட்டு எது, யார் எந்த ஆண்டில் வரைந்தது என்று கேட்க வேண்டும். மனை விற்பவர் காட்டும் வழவழப்பான படத்துக்கும் இதே கேள்விதான். இஸ்ரோவின் 'புவன்' வரைபடத்தை 2009 முதல் இணையத்தில் யாரும் பார்க்கலாம். பத்திரம் எழுதுமுன் பேரனை உட்காரவைத்து ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது.

நம்மால் இந்த ஆராய்ச்சிக்கு ஆவது ஒன்று உண்டு. 2015 வெள்ளத்துக்குப் பிறகு தேசிய கடலோர ஆராய்ச்சி மையம், சென்னை, மும்பை ஐ.ஐ.டி.க்கள், அண்ணா பல்கலைக்கழகம் முதலியவை சேர்ந்து 'சிஃப்ளோஸ்' என்ற வெள்ள முன்னெச்சரிக்கை முறையை உருவாக்கின. மழை, ஆற்று நீர், கடல் மட்டம், தரையின் மேடுபள்ளம் ஆகியவற்றை அடுக்கி, எங்கே எவ்வளவு நீர் நிற்கும் என்று கணினி கூறும். அது சரியா என்று சோதிக்க, முன்பு வெள்ளம் உண்மையில் எவ்வளவு உயரம் ஏறியது என்ற ஆதாரம் வேண்டும். அந்த ஆதாரம் நம் கடைச் சுவர்களில் இருக்கிறது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது எர்ணாவூர்ப் பக்கம் எண்ணெய் கலந்த வெள்ளம் புகுந்து சுவர்களில் கருங்கோடே போட்டுவிட்டுப் போயிற்று. பொங்கலுக்கு வெள்ளையடித்தவர்களின் முன்சுவரில் கோடு போயிருக்கும். கிடங்கின் உள்சுவரில், மூட்டைகளுக்குப் பின்னால், இன்னும் கிடக்கும்.

கிடங்கில் சரக்குக் குறைந்திருக்கும் ஒரு நாளில் அதைத் தேடி எடுங்கள். டேப் வைத்துத் தரையிலிருந்து கோடு வரை அளந்து, எதிரே சாலை நடுவிலிருந்து கிடங்குத் தரை எத்தனை அங்குலம் மேடு என்பதையும் தனியே எழுதுங்கள். எந்த வருஷத்து வெள்ளம், எத்தனை நாள் நின்றது என்பதையும் சேருங்கள். டேப்பும் கோடும் தெரிய ஒரு படம் எடுங்கள். இடத்தைக் குறிக்கக் கைபேசி போதும். உயரத்துக்கு மட்டும் கைபேசியை நம்ப வேண்டாம், அதில் பல மீட்டர் தவறு வரும். நூறு கடைகளின் சீட்டு சேர்ந்தால் சங்கத்தின் பெயரில் ஒரே கட்டாக ஆராய்ச்சி மையத்துக்குக் கொடுக்கலாம். ஐப்பசி மழைக்கு முன்பே இது ஆக வேண்டும். புது வெள்ளம் வந்தால் பழைய கோட்டின்மேல் புதுக் கோடு விழுந்துவிடும்.