பட்டை ஓடமும் படக்கருவியும்

திரைப்படம் பழைமையை அழித்துவிடும் என்று நாம் சொல்வதுண்டு. அது பழைமையைக் காத்த கதை ஒன்றை இன்று பார்ப்போம்.

ஆஸ்திரேலியாவின் வடபகுதியில் ஆர்னம் நிலம் உள்ளது. அங்கே யோல்ங்கு என்னும் ஆதிகுடியில் பிறந்தவர் டேவிட் குல்பிலில். குலத்தாரிடம் ஆட்டமும் வேட்டையும் கற்ற அவர், 1971இல் வெளிவந்த 'வாக்கபவுட்' படத்தில் முதன்முதலாக நடித்தார்.

பின்னாளில் அவர், பழைய நிழற்படம் ஒன்றை இயக்குநர் ரோல்ஃப் டி ஹீருக்குக் காட்டினார். சதுப்பு நீரில் மரப்பட்டை ஓடங்களில் தம் முன்னோர் நிற்கும் காட்சி அது. அதிலிருந்தே 'டென் கேனோஸ்', அதாவது பத்து ஓடங்கள் என்னும் படம் 2006இல் பிறந்தது.

அவ்வகை ஓடம் செய்யும் வழக்கம் அதற்குள் அருகிவிட்டது. ஆகவே, முதியோர் நினைவிலிருந்து சொல்லிக்கொடுக்க, படத்திற்காக ஓடங்கள் மீண்டும் உருவாயின. பாத்திரங்கள் தாய்மொழியிலேயே பேசின. குல்பிலில் கதை சொன்னார். அவர் மகன் ஜேமி நடித்தார்.

குல்பிலில் 2021இல் மறைந்தார். அறிந்தவர் இருக்கும்போதே கேட்டதால் ஒரு கைத்தொழில் பிழைத்தது. நாமும் இன்றிரவு நம் வீட்டுப் பாட்டியின் அருகில் அமர்ந்து கேட்போமா?