எருமையும் மைனாவும் ஒன்றானால்...

சென்ற திங்களில் ஒரு மாலைப் பொழுது. அண்டை வீட்டு வங்காளக் குழந்தைகளோடு விளையாடித் திரும்பிய நம் பேரன், ஏதோ ஒரு பாட்டைச் சொல்லிச் சொல்லித் தானே குலுங்கிச் சிரித்தான். ஐந்து வயது நிரம்பாத பிள்ளை. வங்க மொழி அவன் நாவில் தடையின்றி ஓடிற்று. திருநெல்வேலியிலிருந்து வந்திருந்த அவன் ஆச்சிக்கு ஒன்றும் விளங்கவில்லை. “ஏன்யா இப்படிச் சிரிக்கே? ஆச்சிக்கும் சொல்லுய்யா” என்றார்.

நாம் மொழிபெயர்க்க முன்வந்தோம். வாத்தும் முள்ளம்பன்றியும் கலந்த ஒரு விலங்கைப் பற்றிய பாட்டு அது என்றும், அவ்விலங்கின் பெயர் ‘வாத்துமுள்ளம்பன்றி’ என்றும் விளக்கினோம். ஆச்சி சிரிக்கவில்லை. பேரனின் சிரிப்பும் நின்றுபோயிற்று. நம்மை நிமிர்ந்து பார்த்து, “தாத்தா, தமிழ்லே இதுக்குச் சிரிப்பு வராதா?” என்று கேட்டான்.

அக்கேள்வி நம்மை வருத்திற்று. கொல்கத்தாவில் வாழும் நம்மவர் இல்லங்களை எண்ணிப் பாருங்கள். ‘எழுந்திரு’, ‘பல் துலக்கு’, ‘பாடம் படி’, ‘பேசாமல் தூங்கு’ என்று கட்டளையிடுவதற்குத் தமிழ். ஓடி ஆடி நகைப்பதற்கு வங்காளியும் இந்தியும். ஏவல் மொழியாக மட்டுமே வீட்டில் நிற்கும் ஒரு மொழியைக் குழந்தை எவ்வாறு காதலிக்கும்?

அன்று பேரன் பாடிய பாட்டு இந்நகரில் பிறந்ததே. அதை இயற்றியவர் சுகுமார் ராய். அவர் தந்தை உபேந்திரகிஷோர் ராய்சௌத்ரி, அச்சுக் கலையில் வல்லவர். சொந்தமாக அச்சுக்கூடம் நடத்தியவர். 1913ஆம் ஆண்டில் ‘சந்தேஷ்’ என்னும் குழந்தைகள் இதழைத் தொடங்கினார். வங்க மொழியில் அச்சொல்லுக்குச் செய்தி என்றும் பொருள்; நாமெல்லாம் சுவைத்து மகிழும் இனிப்பு என்றும் பொருள். குழந்தைகளுக்கு எழுதுவோர் மனத்திற் கொள்ள வேண்டிய இலக்கணம் அப்பெயரிலேயே இருக்கிறது.

1887இல் பிறந்த சுகுமார், இங்கு அறிவியல் பயின்று, பின்னர் இங்கிலாந்து சென்று அச்சுத் தொழில் கற்றுத் திரும்பினார். 1915இல் தந்தை மறைந்ததும் இதழின் பொறுப்பு அவர் தோளில் விழுந்தது. அதில் அவர் பாட்டும் எழுதினார். பாட்டுக்கு ஏற்ற படமும் தாமே வரைந்தார். பின்னர்க் காலா அசார் என்னும் கொடிய காய்ச்சல் அவரைப் பற்றிக்கொண்டது. நோய்ப் படுக்கையில் கிடந்தபடியே தம் வேடிக்கைப் பாடல்களைத் தொகுத்து, ‘ஆபோல் தாபோல்’ என்னும் நூலை அச்சுக்கு ஆயத்தம் செய்தார். 1923 செப்டம்பர்த் திங்களில், முப்பத்தைந்தாம் வயதில், அவர் மறைந்தார். நூல் அதன் பின் சில நாள்களில் வெளிவந்தது. அச்சிட்டு முடித்த நூலை அவர் கண்ணால் காணவில்லை. அப்போது அவருடைய ஒரே மகனுக்கு வயது இரண்டு. அம்மகனே பின்னாளில் உலகறிந்த திரைப்பட மேதை சத்யஜித் ராய். நின்றுபோயிருந்த ‘சந்தேஷ்’ இதழுக்கு 1961இல் மீண்டும் உயிர் கொடுத்தவர்களுள் அவரும் ஒருவர்.

இத்துணைத் துன்பத்துக்கு இடையே பிறந்தும் அது சிரிப்பூட்டும் நூலாகவே விளங்குகிறது. அதில் ‘கிச்சடி’ என்று பெயர் கொண்ட பாட்டு ஒன்று உண்டு. அரிசியும் பருப்பும் கலந்து வெந்ததுபோல, விலங்குகள் இரண்டிரண்டாய்க் கலந்துவிடுகின்றன. வங்காளியில் வாத்து ‘ஹாஷ்’, முள்ளம்பன்றி ‘ஷொஜாரு’. இரண்டும் சேர்ந்து ‘ஹாஷ்ஜாரு’. யானை ‘ஹாதி’, திமிங்கிலம் ‘திமி’. இரண்டும் சேர்ந்து ‘ஹாதிமி’. முதற்சொல் முடியும் ஒலியிலேயே அடுத்த சொல் தொடங்குவதை நோக்குக. ஒலி ஒட்டிக்கொள்வதால் உடலும் ஒட்டிக்கொள்கிறது! எழுத்தறியாத குழந்தையும் செவியால் ஒட்டைக் கேட்கிறது. படத்தில் அதையே கண்ணால் காண்கிறது. காதும் கண்ணும் ஒரே நொடியில் ஏமாறும்போது சிரிப்புப் பீறிடுகிறது.

நம் மொழிபெயர்ப்பு தோற்றது ஏன் என்பது இப்போது விளங்கும். ‘வாத்து’ என்பதற்கும் ‘முள்ளம்பன்றி’ என்பதற்கும் தமிழில் ஒலியுறவு ஏதும் இல்லை. விலங்கைக் கொண்டுவந்தோம், ஒட்டைக் கொண்டுவரவில்லை. ஒலியில் பிறந்த நகைச்சுவையைப் பொருளால் பெயர்க்க இயலாது. ஆனால் விளையாட்டின் விதியைப் பெயர்க்கலாம் அல்லவா?

பேரனை அருகழைத்து, “எருமை தெரியுமா?” என்றோம். தெரியும் என்றான். “அதன் முதுகில் வந்து உட்காரும் மைனா?” அதுவும் தெரியும். “இரண்டும் ஒட்டிக்கொண்டால்?” பிள்ளை சற்றே விழித்தான். ஆச்சி முந்திக்கொண்டு, “எருமைனா!” என்றார். அவ்வளவுதான், இருவரும் சிரித்த சிரிப்பில் அடுக்களையில் இருந்த மருமகளும் ஓடிவந்துவிட்டாள். பசுவும் சுறாவும் சேர்ந்து ‘பசுறா’ என்றாள் அவள். கொக்கும் குரங்கும் சேர்ந்து ‘கொக்குரங்கு’ என்று கண்டுபிடித்தவன் பேரன். ஒவ்வொன்றுக்கும் அவனே பழைய நாட்குறிப்பேட்டில் படம் எழுதினான். கொக்குரங்குக்கு எல்லோருமாகச் சேர்ந்து ஒரு பாட்டும் கட்டினோம்:

கொக்கும் குரங்கும் கூடிக் கொண்டு
கொக்குரங்காய் ஆச்சுதாம்;
ஒற்றைக் காலில் நின்ற வாறே
ஊஞ்சல் ஆடப் போச்சுதாம்!

இது பெரும் கவிதை அன்று, புலவர்கள் பொறுத்தருள்க. ஆயினும் இதில் மோனை இருக்கிறது. அடியின் ஈற்றில் இயைபு இருக்கிறது. இலக்கண நூல் கூறும் தொடைகளைப் பெயர் அறியாமலே பிள்ளையின் செவி பழகிக்கொள்கிறது.

குழந்தைப் பாட்டுக்குத் தமிழில் வறுமை இல்லை. கவிமணி தேசிக விநாயகம் பிள்ளை வழிகாட்டினார். வங்கிப் பணியினிடையே அழ. வள்ளியப்பா குழந்தைகளுக்காகவே வாழ்நாளெல்லாம் பாடினார். நம் காலத்திலும் வண்ணப் படங்களுடன் கூடிய தமிழ்ப் புத்தகங்கள் சென்னையிலிருந்து வந்த வண்ணம் இருக்கின்றன. ஊருக்குப் போய்த் திரும்புவோர் அப்பளத்தோடும் வடகத்தோடும் அவற்றுள் இரண்டொன்றையும் பெட்டியில் வைத்துக் கொணர வேண்டுகிறோம். வாங்கும்போது ஒன்று கவனியுங்கள். பாட்டின் வாலில் நீதி தொங்குகிறதா என்று தேடாதீர்கள்; உரக்கப் படித்தால் உங்களுக்குச் சிரிப்பு வருகிறதா என்று பாருங்கள். நீதிக்கு ஔவையார் இருக்கிறார். அவரிடம் பிள்ளைகள் உரிய வயதில் போய்ச் சேருவார்கள்.

வங்காளிப் பாட்டை நம் பிள்ளைகள் மறக்க வேண்டும் என்பது நம் கருத்தன்று. ஹாஷ்ஜாரு நம் வீட்டிலும் தாராளமாக உலவட்டும். அதற்குத் துணையாக ஓர் எருமைனாவும் உலவட்டும் என்பதே நம் விருப்பம்.

ஆச்சி ஊருக்குத் திரும்பிவிட்டார். இப்போது ஞாயிறுதோறும் தொலைபேசியில் பேரன் அவரோடு பேசுகிறான். முன்பெல்லாம் ‘நல்லா இருக்கேன்’ என்பதோடு பேச்சு முடிந்துவிடும். சென்ற ஞாயிறன்று அவன் எடுத்த எடுப்பிலேயே, “ஆச்சி, மைனாவும் நாயும் சேர்ந்தா என்ன?” என்று கேட்டான். மறுமுனையில் ஆச்சி சிரிப்பது நம் காதிலும் விழுந்தது.