எட்டணா டிக்கெட்

என் அப்பா தூத்துக்குடியில் தோணித் தண்டல், அதாவது தோணியின் மாலுமித் தலைவர். 1974-ல் புதுத் துறைமுகம் வரும்வரை பெரிய கப்பல்கள் எங்கள் கரைக்கு வந்ததில்லை. கரையோரம் ஆழம் போதாது. ஐந்தாறு மைல் தள்ளி நங்கூரம் போட்டு நிற்கும். பஞ்சு, வெங்காயம், கருவாடு, ஆட்கள் எல்லாமே தோணியிலும் படகிலும்தான் அங்கே போய்ச் சேரும். "கப்பல் நம்மகிட்ட வராதுல, நாமதான் அதுகிட்ட போகணும்" என்பார் அப்பா.

நான் கடலுக்குப் போகவில்லை. ஒரு கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸில் முப்பத்தோரு வருஷம் பில் ஆஃப் லேடிங்கும் கூலிக் கணக்கும் எழுதினேன். அந்த மேஜையில் உட்கார்ந்த பிறகுதான், சுதேசிக் கப்பல் விட்ட வ.உ. சிதம்பரம் பிள்ளை என்ற வ.உ.சி. எனக்குப் புரிந்தார். அதுவரை அவர் எனக்குச் சிவாஜி கணேசன். 1961-ல் வந்த 'கப்பலோட்டிய தமிழன்' படத்தில் செக்கிழுக்கும் காட்சிக்கு என் அம்மா ஒவ்வொரு தடவையும் அழுவாள். செக்கு எல்லோருக்கும் தெரியும். அவருடைய கப்பல் கம்பெனி எப்படி நடந்தது என்று கேட்டால் எங்கள் ஊரிலேயே சொல்ல ஆள் குறைவு. எனக்கு அதுதான் பெரிய குறை.

1914-ல் பாம்பன் பாலம் வருவதற்கு முன்பு சென்னையிலிருந்து ரயிலில் வருகிறவர்கள் தூத்துக்குடியில் இறங்கித்தான் கொழும்புக்குக் கப்பல் ஏறினார்கள். தோட்டக் கூலிகள், கடைக்காரர்கள், வட்டிக்கடைச் செட்டியார்கள் எல்லோருக்கும் இதுதான் வழி. அவ்வளவு ஓட்டமுள்ள பாதை பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனியின் கையில் இருந்தது. அவர்கள் சொன்னதுதான் கட்டணம்.

அந்த இடத்தில் கை வைத்தவர் வ.உ.சி. என்ற வக்கீல். 1872 செப்டம்பர் 5-ல் ஒட்டப்பிடாரத்தில் பிறந்தவர். அப்பா உலகநாத பிள்ளையும் வக்கீல்தான். மகன் 1900-ல் தூத்துக்குடிக்குத் தொழில் செய்ய வந்தார். வங்கப் பிரிவினையை ஒட்டிச் சுதேசிப் பேச்சு நாடெங்கும் கிளம்பியது. அன்னியத் துணியை எரிப்பதோடு பலர் நின்றபோது, இவர் கடலைப் பார்த்தார்.

முதலில் பம்பாயின் ஷா லைன் கம்பெனியிடம் கப்பல் வாடகைக்கு எடுத்தார்கள். வெள்ளைக்காரக் கம்பெனி நெருக்கியது. ஷா லைன் கப்பலைத் திரும்ப வாங்கிக்கொண்டது. கொழும்பிலிருந்து வேறொரு கப்பலை வாடகைக்குப் பிடித்தார்கள். இரவல் கப்பலை நம்பி வியாபாரம் செய்தால் என்ன ஆகும் என்பது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த பாடம். அதை வ.உ.சி. சில மாதங்களுக்குள் கற்றுக்கொண்டு சொந்தக் கப்பல் வாங்கக் கிளம்பினார்.

1906 அக்டோபர் 16-ல் சுதேசி ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி பதிவாயிற்று. மூலதனம் பத்து லட்சம் ரூபாய். நாற்பதாயிரம் பங்கு, பங்கு ஒன்றுக்கு 25 ரூபாய். பத்துப் பணக்காரர்களைப் பிடித்து ஆளுக்கு ஒரு லட்சம் வாங்கியிருந்தால் வேலை சுலபம். பங்கை 25 ரூபாய்க்கு அறுத்ததில்தான் அவர் மனசு தெரிகிறது: சின்னக் கடைக்காரனும் கப்பலுக்குச் சொந்தக்காரன் ஆகலாம். பாலவநத்தம் ஜமீன்தார் பாண்டித்துரைத் தேவர் தலைவரானார். ஹாஜி முகம்மது பக்கீர் சேட் ஒருவரே 8,000 பங்கு, அதாவது இரண்டு லட்சம் ரூபாய்க்கு வாங்கினார். மதுரைத் தமிழ்ச் சங்கம் கண்ட ஜமீன்தாரும் முஸ்லிம் வணிகரும் ஒட்டப்பிடாரத்து வக்கீலும் ஒரே பேரேட்டில் இருந்தார்கள். பம்பாய் போய்ப் பணம் திரட்டி, 1907-ல் எஸ்.எஸ். காலியா, எஸ்.எஸ். லாவோ என்ற இரண்டு கப்பல்களைத் தூத்துக்குடிக் கடலுக்குக் கொண்டுவந்து நிறுத்தினார்.

பிறகு நடந்தது கட்டணப் போர். பிரிட்டிஷ் இந்தியா கம்பெனிக்காரர்கள் கொழும்புக்குக் கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்தார்கள். இவர் எட்டணா என்றார். அவர்கள் இலவசம் என்றார்கள். அதற்கு மேல் ஒரு குடையும் தந்தார்கள். கணக்கு எழுதுகிறவனாகச் சொல்கிறேன், எட்டணாவுக்கு ஆள் ஏற்றினால் கரிச் செலவுக்குக்கூடக் காணாது. எதிரிக்கு உலகம் முழுக்கக் கப்பல் ஓடியது. இங்கே விட்டதை வேறு துறைமுகத்தில் எடுத்துக்கொள்வான். இவருக்கு இருந்தது இரண்டே கப்பல்.

அப்படியும் அரசாங்கம் அவரைப் பார்த்துப் பயந்ததற்குக் காரணம், அவர் கப்பலோடு நிற்கவில்லை. 1908 பிப்ரவரி 27-ல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வேலையை நிறுத்தினார்கள். கூலி உயர்வு, வார விடுமுறை, வேலை நேரக் குறைப்பு கேட்டார்கள். வ.உ.சி.யும் அவருடைய தோழர் சுப்பிரமணிய சிவாவும் அவர்களுக்காகப் பேசினார்கள். பட்டினி கிடக்காதபடி ஊரில் பணம் திரட்டினார்கள். வ.உ.சி.யைக் குறைத்துப் பேசிய ஒரு வக்கீலுக்குப் பாதிச் சவரத்திலேயே கத்தியை மடக்கிக்கொண்டு ஒரு நாவிதர் எழுந்து போய்விட்டார் என்று இன்றும் சொல்வார்கள். ஒன்பது நாளில் மில் நிர்வாகம் இறங்கி வந்தது.

அடுத்த வாரமே கைது. வங்கத் தலைவர் பிபின் சந்திர பால் சிறையிலிருந்து விடுதலையானதைக் கொண்டாடியதை ஒட்டி, மார்ச் 12-ல் வ.உ.சி.யையும் சிவாவையும் பிடித்தார்கள். மறுநாள் திருநெல்வேலி எரிந்தது; போலீஸ் சுட்டதில் நால்வர் மாண்டார்கள். தூத்துக்குடி மில்காரர்கள் மறுபடி வேலையை நிறுத்தினார்கள், இந்த முறை கூலிக்காக அல்ல. திலகரைத் தண்டித்ததை எதிர்த்துப் பம்பாய்த் தொழிலாளர்கள் எழுந்தது அதற்கு நாலு மாதம் கழித்துத்தான். இதை எங்கள் ஊர்க்காரன் கொஞ்சம் சத்தமாகவே சொல்லலாம்.

ஜூலை 7-ல் நீதிபதி பின்ஹே தீர்ப்புச் சொன்னார். ராஜத்துரோகத்துக்கு இருபது வருஷம். சிவாவுக்கு இடமும் சோறும் கொடுத்து உதவியதற்கு இன்னொரு இருபது. ஆக நாற்பது வருஷம். மேல்முறையீட்டில் அது ஆறு வருஷமாகக் குறைந்தது. கோயம்புத்தூர்ச் சிறையில்தான் அந்தச் செக்கு. அங்கிருந்து கண்ணனூர்.

அவர் உள்ளே இருக்க, வெளியே கம்பெனி ஆள் இல்லாத வீடாயிற்று. இலவச டிக்கெட் கம்பெனியைக் கொல்லவில்லை, அதை நடத்தத் தெரிந்தவரை எடுத்ததுதான் கொன்றது என்பது என் எண்ணம். 1911-ல் கம்பெனியைக் கலைத்தார்கள். காலியாவை யாரிடம் விற்றார்கள் தெரியுமா? அதே பிரிட்டிஷ் இந்தியா கம்பெனியிடம். அந்த வரியை நான் எத்தனை முறை படித்தாலும் வயிறு எரியும்.

1912 டிசம்பர் 24-ல் விடுதலை. ஒரு காலத்தில் அவரை ஊர்வலமாக வண்டியில் வைத்து இழுத்த கூட்டம் சிறை வாசலில் இல்லை. உடம்பெல்லாம் தொழுநோய்ப் புண்ணோடு சிவா நின்றார். வக்கீல் சன்னது போயிருந்தது. சென்னையில் கடை வைத்துப் பார்த்தார். தென்னாப்பிரிக்கத் தமிழர்கள் அவருக்கென்று காந்தியிடம் பணம் கொடுத்திருந்தார்கள். அதற்காகக் கடிதம் கடிதமாக எழுதவேண்டியிருந்தது. 1916 தொடக்கத்தில் 347 ரூபாய் 12 அணா வந்து சேர்ந்தது. அந்தப் பன்னிரண்டு அணாவையும் விடாமல் நண்பருக்கு எழுதியிருக்கிறார்.

அந்த வறுமையிலும் திருக்குறளுக்கு மணக்குடவர் உரையைப் பதிப்பித்தார். பின்னாளில் தொல்காப்பியம் இளம்பூரணத்தில் உழைத்தார். சன்னதை மீட்டுக் கொடுத்த வெள்ளைக்கார நீதிபதி வாலஸின் பெயரைத் தன் மகனுக்கு வாலேஸ்வரன் என்று வைத்தார். வெள்ளையனை எதிர்த்த மனிதருக்கு வெள்ளைக்காரர் ஒருவரின் நன்மையை மறக்க முடியவில்லை.

1936 நவம்பர் 18-ல் தூத்துக்குடி காங்கிரஸ் ஆபீஸில் இறந்தார். 2011-ல் துறைமுகத்துக்கு அவர் பெயர் வைத்தார்கள். அவர் எழுதி வைத்த உயிலை நான் கணக்குப்பிள்ளைக் கண்ணோடுதான் படித்தேன். துணிக்கடை பாக்கி, எண்ணெய்க்கடை பாக்கி, சில்லறைக் கடன் என்று யார் யாருக்கு எவ்வளவு தரவேண்டும் என்பதையெல்லாம் வரிசையாக எழுதி, தீர்க்கச் சொல்லியிருக்கிறார்.