புற்றுக்காளானைப் பயிரிடுவது யார் தெரியுமா?

கேளம்பாக்கம் பக்கம் மனை போடாமல் தப்பிக் கிடக்கிற மேய்க்கால் புறம்போக்கில், மழை விட்டதும் புற்றோரம் வெள்ளைக் குடைகள் கிளம்பினால் 'தானா முளைச்சது' என்று சொல்லிவிடாதீர்கள். அது விவசாயம்! செய்தவர் கறையானார்!

மனிதன் ஏர் பிடித்து ஏதோ பத்தாயிரம் வருஷம்தான். கறையான்கள் இந்தத் தொழிலில் இறங்கிச் சுமார் 3 கோடி ஆண்டுகள்! காய்ந்த புல், மரத்தூள், சருகு எல்லாவற்றையும் தின்று, பாதி செரித்த எச்சத்தை அடுக்கடுக்காகக் கட்டுகின்றன. புற்றை வெட்டினால், மூளை மடிப்பு போலப் பழுப்பாக இருக்குமே, அதுதான் வயல். அதில் வளரும் பூஞ்சை, கறையானால் செரிக்க முடியாத மரச்சத்தை உடைத்துக் கொடுக்கிறது. மேலே கடுகளவு வெள்ளை மணிகள் உருளும். கறையானுக்கு அதுவே சாப்பாடு.

சரி, தரைக்கடியில் இருக்கும் காளான் மேலே வருவது எப்படி? குடையின் உச்சியில் கெட்டியான கூர்முனை! அது மண்ணைத் துளைத்துக்கொண்டு ஏற, வேர் போன்ற அடித்தண்டு வயல்வரை நீண்டிருக்கும். பிடுங்கினால் பாதியில் அறுந்துபோகும். பொறுமையாகத் தோண்டுகிறவர்களுக்கே முழுசாகக் கிடைக்கும். இன்னொரு பொடிக் காளான் வகை துளைக்கிற சிரமமே படாது. கறையான்கள் வெளியே கொண்டுவந்து கொட்டும் வயல் துண்டுகளின் மேல் நூற்றுக்கணக்கில் பூத்துவிடும்.

தரங்கம்பாடிக்கு வந்த கோனிக், இயற்கையியலாளர் லின்னேயஸின் மாணவர், தஞ்சைப் பகுதிக் கறையான்களைப் பற்றி 1779லேயே எழுதிவிட்டார்! சென்னைப் பல்கலைக்கழகத்தின் கே. நடராஜன் 1979இல் விவரித்த புற்றுக்காளான் இனத்தின் பெயர் டெர்மிட்டோமைசிஸ் ஹெய்மி. இந்தப் பேரினத்தை 1942இல் வகுத்த பிரெஞ்சுக்காரர் ரொஜே ஹெய்மைக் கௌரவிக்க வைத்தது. இதன் ஆப்பிரிக்க உறவுக்காரக் காளான் ஒன்றின் குடை ஒரு மீட்டர் அகலம்கூட விரியும். ஒரு குடும்பமே ஒதுங்கலாம்!

இடி இடித்தால் காளான் முளைக்கும் என்று பாட்டிகள் சொன்னதும் வெறும் பேச்சில்லை போலிருக்கிறது. ஜப்பானின் இவாத்தே பல்கலைக்கழகத்தில் ஷிடாகே காளானுக்கு மின்னதிர்ச்சி கொடுத்துப் பார்த்தார்கள்; விளைச்சல் கூடியது!

ஆனால் ஓ.எம்.ஆர். அடுக்ககப் புல்தரையில் வெள்ளையாகக் குடை கண்டதும் கூடையோடு ஓடாதீர்கள். குளோரோஃபில்லம் மாலிப்டைட்டிஸ் என்றொரு ஆசாமி உண்டு. வளர்வதற்குப் புற்றே வேண்டாம், வெறும் புல்தரை போதும். முற்றினால் அடிமடிப்பு பச்சையாகும். இளசில் அதுவும் வெள்ளைதான், ஏமாறுவது அங்கேதான். தின்ற சில மணி நேரத்தில் வாந்தியும் வயிற்றுப்போக்கும் புரட்டி எடுத்துவிடும்.