தூண்டவும் தடுக்கவும் தெரிந்த தண்டுவடம்

பல்லியின் வால் அறுந்து விழுந்து தரையில் துடிப்பதைப் பார்க்காத வீடு நம் ஊரில் இருக்காது. பல்லி அதற்குள் சுவரேறிப் போயிருக்கும். மூளை அதனோடு போய்விட்டது. ஆனாலும் அந்தத் துண்டு வால் இடமும் வலமும் மாறி மாறி வளைகிறது. சில வேளை எகிறியும் குதிக்கிறது. அந்தத் துண்டுக்குள்ளும் தண்டுவடம் ஓடுவதுதான் காரணம். கழுத்தறுத்த கோழி தலையில்லாமல் சிறகடித்துத் துள்ளுவதற்கும் தண்டுவடமே காரணம்.

மூளைக்கும் உடலுக்கும் இடையே செய்தி கொண்டுபோகும் கம்பிதான் தண்டுவடம் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். அது பாதி உண்மை. தண்டுவடத்தின் ஒரு பகுதி செய்தியைக் கடத்துகிறது. இன்னொரு பகுதி வந்த செய்தியை எடைபோடுகிறது. எதை மூளைக்கு அனுப்புவது, எந்தத் தசையை இயக்குவது, எதை அடக்கி வைப்பது என்று அந்த இடத்திலேயே முடிவு செய்கிறது. இந்த இரண்டாவது பகுதிதான் சாம்பல் நிறப் பகுதி.

குறுக்கே வெட்டிப் பார்த்தால்

வளர்ந்த மனிதரின் தண்டுவடம் ஏறத்தாழ 42 முதல் 45 சென்டிமீட்டர் நீளம். எடை 35 கிராம் அளவுதான். முதுகெலும்புத் தொடர் முழுவதும் அது ஓடுவதில்லை. இடுப்புப் பகுதியின் முதலாவது, இரண்டாவது முள்ளெலும்புகளுக்கு அருகிலேயே முடிந்துவிடுகிறது. அதற்குக் கீழே நரம்பு வேர்கள் மட்டுமே தொங்குகின்றன. முதுகில் ஊசி குத்தித் தண்டுவட நீர் எடுக்கும் மருத்துவர் அதற்கும் கீழே இடம் பார்ப்பது இதனால்தான். அங்கே ஊசி தண்டுவடத்தைத் தொடாது.

தண்டுவடத்தைக் குறுக்கே வெட்டினால் நடுவில் இறக்கை விரித்த பட்டாம்பூச்சி போல ஒரு வடிவம் தெரியும். அதுதான் சாம்பல் நிறப் பகுதி. நரம்பணுக்களின் உடல்களும் அவை ஒன்றோடொன்று சந்திக்கும் இணைப்புகளும் இங்கே நெருக்கமாக அடைந்திருக்கின்றன. அதைச் சுற்றி இருப்பது வெண்பகுதி. மேலும் கீழும் செல்லும் நீண்ட நரம்பிழைகள் அதில் உள்ளன. அவற்றின் மேல் போர்த்தியிருக்கும் மயலின் என்ற கொழுப்புறை அதற்கு வெண்மையைத் தருகிறது. பெருமூளையில் சாம்பல் நிறம் வெளியே, வெண்மை உள்ளே. தண்டுவடத்தில் இது தலைகீழ். பட்டாம்பூச்சியின் நட்ட நடுவில் நூலிழை போன்ற ஒரு மையக் குழல் உண்டு.

தண்டுவடத்திலிருந்து இருபுறமும் 31 இணை நரம்புகள் கிளம்புகின்றன: கழுத்தில் 8, மார்பில் 12, இடுப்பில் 5, திருகெலும்புப் பகுதியில் 5, வாலெலும்பில் 1. பட்டாம்பூச்சி எல்லா மட்டத்திலும் ஒரே அளவில் இருப்பதில்லை. கைகளை ஆளும் கழுத்து மட்டத்திலும் கால்களை ஆளும் இடுப்பு மட்டத்திலும் அது பருத்திருக்கும்; மார்பு மட்டத்தில் மெலிந்திருக்கும். விரல்களும் பாதங்களும் செய்யும் நுட்பமான வேலைக்கு நிறைய நரம்பணுக்கள் வேண்டும். விலாத் தசைகளுக்கு அவ்வளவு தேவையில்லை. வேலை எவ்வளவோ அவ்வளவுதான் இடம்.

பின்னால் உணர்வு, முன்னால் இயக்கம்

பட்டாம்பூச்சியின் பின் இறக்கைகளைப் பின்கொம்புகள் என்றும் முன் இறக்கைகளை முன்கொம்புகள் என்றும் உடற்கூறியலில் அழைக்கிறார்கள். பின்பக்க வேர் வழியாக உணர்வு உள்ளே வருகிறது. முன்பக்க வேர் வழியாக இயக்கக் கட்டளை வெளியே போகிறது. ஸ்காட்லாந்தில் பிறந்த சார்லஸ் பெல் 1811-இல் முன்வேரின் இயக்கப் பணியைச் சுட்டிக்காட்டினார். பிரான்சின் பிரான்சுவா மஜந்தி 1822-இல் இரு வேர்களின் பணிகளையும் சோதனை செய்து தெளிவாகப் பிரித்துக் காட்டினார். நரம்பியல் மருத்துவம் இன்றும் இந்த அடித்தளத்தின் மேல்தான் நிற்கிறது.

சாம்பல் நிறப் பகுதிக்குள்ளும் ஓர் ஒழுங்கு இருப்பதைக் கண்டவர் சுவீடனின் புரோர் ரெக்செட். பூனையின் தண்டுவடத்தை நுண்ணோக்கியில் ஆராய்ந்து, நரம்பணுக்களின் அளவையும் அடர்த்தியையும் கொண்டு அதைப் பத்து அடுக்குகளாக அவர் பிரித்தார். 1952-இலும் 1954-இலும் வெளியான அந்த வரைபடம் மனிதத் தண்டுவடத்துக்கும் பொருந்தியது. முதல் ஆறு அடுக்குகள் பின்கொம்பில் இருக்கின்றன. ஏழாவது நடுவில். எட்டும் ஒன்பதும் முன்கொம்பில். பத்தாவது அடுக்கு மையக் குழலைச் சுற்றி.

வலியை எடைபோடும் இடம்

பின்கொம்பின் இரண்டாவது அடுக்கு கூழ் போன்ற தோற்றம் உடையது. தோலிலிருந்து வரும் வலிச் செய்தியும் சூடு, குளிர்ச்சி பற்றிய செய்தியும் பெரும்பாலும் இதையும் இதையொட்டிய அடுக்குகளையும் வந்தடைகின்றன. ஆனால் வந்ததெல்லாம் அப்படியே மூளைக்குப் போய்விடாது. முழங்காலை மேசையில் இடித்துக்கொண்டால் கை தானாகவே அங்கே போய்த் தேய்க்கிறது. வலியும் சற்றுக் குறைகிறது. தேய்ப்பதால் எழும் தொடு உணர்வு பின்கொம்பில் உள்ள தடுப்பு நரம்பணுக்களைத் தூண்ட, அவை வலிச் செய்தியை மட்டுப்படுத்துகின்றன. ரொனால்ட் மெல்சாக், பேட்ரிக் வால் இருவரும் 1965-இல் முன்வைத்த வாயில் கோட்பாட்டின் சாரம் இதுவே. அவர்கள் வரைந்த இணைப்பு விவரங்கள் பின்னாளில் திருத்தப்பட்டன. வலி தண்டுவடத்திலேயே கூட்டவும் குறைக்கவும் படுகிறது என்ற அடிப்படை மட்டும் நிலைத்தது.

மூளையும் மேலிருந்து இங்கே கட்டளை அனுப்பி வலியை அடக்க முடியும். கபடி ஆட்டத்தின் நடுவே முழங்கை சிராய்த்து ரத்தம் வருவதை ஆட்டம் முடிந்த பிறகுதான் வீரர் கவனிக்கிறார். மார்ஃபின் வலியைக் குறைக்கும் இடங்களில் பின்கொம்பும் ஒன்று. அந்த மருந்தைப் பற்றிக்கொள்ளும் ஏற்பிகள் இங்கே ஏராளமாக உள்ளன. அதனால்தான் பெரிய அறுவைச் சிகிச்சைக்குப் பின் முதுகு வழியாகத் தரும் மிகச் சிறிய அளவு மார்ஃபினே நல்ல பலன் தருகிறது.

தசைக்குப் போகும் கடைசி வழி

முன்கொம்பில் இருப்பவை இயக்க நரம்பணுக்கள். உடலின் பெரிய நரம்பணுக்களில் இவையும் அடக்கம். இடுப்பு மட்டத்தில் இருக்கும் ஒன்றின் இழை பாதத்துத் தசை வரை, ஏறத்தாழ ஒரு மீட்டர் தூரம் நீள்கிறது. இவற்றுக்கும் இட ஒழுங்கு உண்டு. உட்புறத்தில் இருப்பவை கழுத்து, முதுகுத் தசைகளை ஆளுகின்றன. வெளிப்புறத்தில் இருப்பவை கை, கால்களை ஆளுகின்றன.

நீங்கள் எழுத நினைத்தாலும் சரி, திடுக்கிட்டுக் கையை உதறினாலும் சரி, அந்தக் கட்டளை இந்த நரம்பணு வழியாகத்தான் தசையை அடைய வேண்டும். வேறு வழியே கிடையாது. இதைத்தான் இங்கிலாந்தின் சார்லஸ் ஷெரிங்டன் பொதுவான கடைசிப் பாதை என்றார். நரம்பு மண்டலம் ஒருங்கிணைந்து செயல்படுவதைப் பற்றி 1906-இல் அவர் வெளியிட்ட நூல் இத்துறையின் மூலநூல்களில் ஒன்று. 1932-இல் எட்கர் ஆட்ரியனோடு சேர்ந்து நோபல் பரிசும் பெற்றார்.

மருத்துவர் முழங்காலுக்குக் கீழே சிறு சுத்தியலால் தட்டும்போது அவர் சோதிப்பது இந்தச் சுற்றைத்தான். தட்டியதும் முன்தொடைத் தசை சட்டென்று இழுபடுகிறது. அந்தச் செய்தி பின்வேர் வழியாக நுழைந்து, இடையில் யாரையும் கேட்காமல், இயக்க நரம்பணுவை நேராகத் தொடுகிறது. கால் முன்னே உதைக்கிறது. அதே கணத்தில் இன்னொரு கிளை ஒரு தடுப்பு நரம்பணுவைத் தூண்டிப் பின்தொடைத் தசையைத் தளரச் செய்கிறது. அது தளராவிட்டால் இரண்டு தசைகளும் எதிரெதிரே இழுத்து மூட்டு விறைத்து நின்றுவிடும்.

நெருஞ்சி முள்ளில் கால் வைத்தால் நடப்பது இதைவிட விரிவான வேலை. குத்திய கால் மடங்கி மேலேறுகிறது. மற்றக் கால் விறைத்து நின்று உடலின் முழு எடையையும் தாங்குகிறது. நாம் விழாமல் தப்புகிறோம். “ஆ!” என்று கத்துவதற்கு முன்பே கால் மேலே போய்விடுகிறது. வலியை மூளை உணர்வது அதற்குப் பிறகுதான்.

நடையின் தாளமும் பெருமளவு இங்கேதான் பிறக்கிறது. மூளையின் கட்டளையும் கால்களிலிருந்து வரும் உணர்வும் துண்டிக்கப்பட்ட பூனையின் தண்டுவடம் நடைக்குரிய இயக்கத்தைத் தானே உண்டாக்குவதை 1911-இல் தாமஸ் கிரஹாம் பிரவுன் காட்டினார். புறப்படு, திரும்பு, நில் என்பதை மூளை சொல்கிறது. இடது, வலது என்று மாற்றி மாற்றி எடுத்து வைக்கும் வேலை தண்டுவடத்தின் பொறுப்பு.

எட்டிக்கொட்டை சொல்லும் உண்மை

சாம்பல் நிறப் பகுதியின் உண்மையான பெருமை அதன் தூண்டும் திறனைவிடத் தடுக்கும் திறனில்தான் இருக்கிறது. இயக்க நரம்பணு ஒவ்வொரு முறை துடிக்கும்போதும் அதன் கிளை ஒன்று ரென்ஷா அணு என்ற சிறு நரம்பணுவைத் தூண்டுகிறது. அந்த அணு திரும்பி வந்து, தன்னைத் தூண்டிய நரம்பணுவையே அடக்குகிறது. இதற்கு அது பயன்படுத்தும் முக்கியமான வேதிப்பொருள் கிளைசின்.

இந்தத் தடுப்பு இல்லாவிட்டால் என்ன ஆகும்? நம் காடுகளில் வளரும் எட்டி மரத்தின் கொட்டையில் ஸ்ட்ரிக்னின் என்ற நஞ்சு இருக்கிறது. அது கிளைசின் சென்று சேரும் ஏற்பியை அடைத்துவிடுகிறது. தூண்டல் இருக்கிறது, தடுக்க ஆளில்லை. சிறு ஓசையும் லேசான தொடுதலும் போதும், உடல் முழுவதும் வில்லாக வளைந்து வலிப்பு வருகிறது. நினைவு தெளிவாக இருக்கும்போதே மூச்சுத் தசைகள் இறுகி உயிர் போகிறது.

ரண ஜன்னியிலும் இதே கொடுமைதான், வேறு வழியில். புண்ணில் வளரும் கிருமியின் நஞ்சு நரம்பிழைக்குள் ஏறித் தண்டுவடத்தை அடைகிறது. அங்கே தடுப்பு நரம்பணுக்கள் கிளைசின் முதலான வேதிப்பொருள்களை வெளியிடாதபடி செய்துவிடுகிறது. தாடை பூட்டிக்கொள்கிறது, முதுகு வளைகிறது. சுத்தமில்லாத கருவியால் தொப்புள்கொடி அறுக்கப்பட்ட எத்தனையோ பச்சிளங்குழந்தைகள் இதற்குப் பலியானார்கள். தடுப்பூசியும் மருத்துவமனைப் பிரசவமும் பரவிய பின், 2015-இல் இந்தியா பிரசவகால, பச்சிளங்குழந்தை ரண ஜன்னியை ஒழித்த நாடாக அறிவிக்கப்பட்டது.

பக்கக் கொம்பு

மார்பு மட்டத்திலிருந்து இடுப்பின் மேல்பகுதி வரை மூன்றாவதாக ஒரு சிறு பக்கக் கொம்பு தென்படும். வியர்வை, ரத்த அழுத்தம், இதயத் துடிப்பு ஆகியவற்றைச் சரிசெய்யும் பரிவு நரம்புகள் இங்கிருந்து கிளம்புகின்றன. திருகெலும்புப் பகுதியில் இருக்கும் வேறொரு நரம்பணுக் கூட்டம் சிறுநீர்ப்பையையும் மலக்குடலையும் கவனிக்கிறது. மார்பின் ஆறாவது மட்டத்திலோ அதற்கு மேலோ தண்டுவடம் அறுந்தவருக்குச் சிறுநீர் நிரம்பி அடைத்துக்கொண்டாலே ரத்த அழுத்தம் ஆபத்தான அளவுக்கு ஏறக்கூடும். கீழே உள்ள சாம்பல் நிறப் பகுதி விழித்திருக்கிறது. அதை அடக்கும் மூளையின் குரல் மட்டும் வந்து சேர்வதில்லை. தலைவலியும் முகச் சிவப்பும் தெரிந்தால் உடனே சிறுநீர்க் குழாயைப் பார்க்க வேண்டும் என்பதை அவர்களைக் கவனித்துக்கொள்பவர்கள் அறிந்திருப்பது அவசியம்.

இழந்தால் முளைக்காது

இளம்பிள்ளை வாதம் எனப்படும் போலியோவின் கிருமி தேடிப்போய் அழிப்பது முன்கொம்பின் இயக்க நரம்பணுக்களைத்தான். கால் சூம்பிப்போகும், உணர்வு மட்டும் அப்படியே இருக்கும். தொற்றியவர்களில் ஏறத்தாழ 200 பேரில் ஒருவருக்கு நிரந்தர வாதம் வருகிறது. கழுத்து மட்டத்தில் மூன்று முதல் ஐந்து வரையிலான பிரிவுகளிலிருந்துதான் உதரவிதானத்துக்கு நரம்பு போகிறது. அங்கே சேதம் நேர்ந்தால் மூச்சே திணறும். இந்தியாவில் கடைசி இயற்கைப் போலியோ நோயாளி 2011 ஜனவரியில் மேற்கு வங்கத்தின் ஹவுராவில் கண்டறியப்பட்டார். 2014 மார்ச் 27 அன்று இந்தியா அடங்கிய தென்கிழக்கு ஆசியப் பகுதி முழுவதும் போலியோ இல்லாத பகுதியாகச் சான்று பெற்றது.

மரபணுக் குறையால் இதே நரம்பணுக்கள் மடியும் முதுகுத்தண்டுத் தசைச் சிதைவு நோய்க்கும் இப்போது மருந்து வந்திருக்கிறது. 2016 டிசம்பரில் அமெரிக்காவில் அனுமதி பெற்ற நுசினெர்சென், தண்டுவட நீரில் நேராகச் செலுத்தப்படுகிறது. அது எஞ்சியிருக்கும் நரம்பணுக்களைக் காக்கும், இறந்ததை உயிர்ப்பிக்காது.

ஆகவே செய்ய வேண்டியதெல்லாம் இழப்பு நேர்வதற்கு முன்புதான். குழந்தைகளுக்குச் சொட்டு மருந்தைத் தவறவிடாதீர்கள். பத்து வயதிலும் பதினாறு வயதிலும் போட வேண்டிய ரண ஜன்னித் தடுப்பூசியைப் பலர் மறந்துவிடுகிறார்கள். உங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்குப் போட்டாயிற்றா என்று இன்றே பாருங்கள். சாலை விபத்தில் அடிபட்டவரைக் கையையும் காலையும் பிடித்துத் தூக்கி ஆட்டோவில் மடக்கி உட்கார வைக்காதீர்கள். தீ போன்ற உடனடி ஆபத்து இல்லாவிட்டால் கிடந்த நிலையிலேயே தலை, கழுத்து, முதுகு அசையாமல் பார்த்துக்கொண்டு 108-ஐ அழையுங்கள். பதற்றத்தில் அவசரமாகத் தூக்கும் ஒரு தூக்கு, நடந்திருக்கக்கூடிய ஒருவரை வாழ்நாள் முழுவதும் படுக்கையில் கிடத்திவிடலாம்.