அமெரிக்கப் பொதுக்குடியிருப்புகள் வீழ்ந்தது ஏன்?

அமெரிக்காவின் செயிண்ட் லூயிஸ் நகரில் 1950களின் நடுப்பகுதியில் கட்டி முடிக்கப்பட்ட புரூயிட்-ஐகோ குடியிருப்பு, நகர்ப்புற ஏழைகளின் வீட்டுப் பிரச்சினைக்கு நவீனத் தீர்வு எனப் போற்றப்பட்டது. பதினோரு மாடிகள் கொண்ட 33 கட்டடங்கள் அங்கு எழுந்தன. 1972 இல் அவற்றைத் தகர்க்கும் பணி தொடங்கியது. 1976 க்குள் அவை அனைத்தும் அகற்றப்பட்டன.

தொலைக்காட்சியில் ஒளிபரப்பான அந்தக் காட்சிகள், அரசு வீடமைப்பு என்ற எண்ணமே தோற்றுவிட்டதன் அடையாளமாகப் பார்க்கப்பட்டன. கட்டடக்கலை மீதும், குடியிருந்தவர்கள் மீதும் பழி விழுந்தது. ஆனால் சரிவின் முக்கிய வேர் நிதி ஏற்பாட்டில் இருந்தது.

வாடகையே ஆதாரம்

1937 ஆம் ஆண்டின் வீடமைப்புச் சட்டப்படி, கட்டுமானச் செலவை மத்திய அரசு ஏற்றது. பராமரிப்புச் செலவை உள்ளூர் வீடமைப்பு ஆணையங்கள் வாடகையிலிருந்தே ஈடுகட்ட வேண்டியிருந்தது. உழைக்கும் குடும்பங்கள் குடியிருந்தவரை இது சமாளிக்கக்கூடியதாக இருந்தது.

இரண்டாம் உலகப் போருக்குப் பின்னர், அரசு உத்தரவாதத்துடன் கூடிய கடன்களைப் பெற்று வெள்ளையினக் குடும்பங்கள் புறநகர்களில் வீடு வாங்கிச் சென்றன. கறுப்பின மக்களுக்கு அக்கடன்கள் பெரும்பாலும் மறுக்கப்பட்டன. வருமானம் உயர்ந்தவர்கள் வெளியேற வேண்டும் என்ற விதியும் இருந்தது. எஞ்சியவர்கள் மிக வறியவர்கள். செலவை ஈடுகட்ட வாடகை உயர்த்தப்பட்டபோது, 1969 இல் செயிண்ட் லூயிஸ் குடியிருப்பாளர்கள் வாடகை செலுத்த மறுத்துப் போராடினர்.

அதே ஆண்டு, வருமானத்தில் 25 சதவீதத்துக்கு மேல் வாடகை பெறக்கூடாது என நாடாளுமன்றம் சட்டமியற்றியது. இது ஏழைகளுக்கு நிவாரணமளித்தது. ஆனால் ஆணையங்களின் வருவாய் சுருங்கியது. அதை ஈடுசெய்யும் அளவுக்கு மத்திய அரசின் மானியம் கிடைக்கவில்லை. பழுதான மின்தூக்கிகளும் வெப்பமூட்டும் கருவிகளும் பல இடங்களில் பழுதாகவே கிடந்தன.

இடிப்பும் தடையும்

1973 இல் அதிபர் நிக்ஸன் புதிய திட்டங்களுக்கான நிதியை நிறுத்தி வைத்தார். மறு ஆண்டு முதல், தனியார் வீடுகளுக்கான வாடகை உதவி முன்னுரிமை பெற்றது. 1990களில் பெருமளவிலான இடிப்புகள் தொடங்கின. சிகாகோவின் கப்ரினி-கிரீன் குடியிருப்பின் கடைசி அடுக்குமாடிக் கட்டடம் 2011 இல் இடிக்கப்பட்டது. இடிக்கப்பட்ட வீடுகள் அனைத்துக்கும் ஈடாக, மிக ஏழைகளுக்கென வீடுகள் கட்டப்படவில்லை.

1998 ஆம் ஆண்டின் சட்டத்திருத்தம் ஒன்று, 1999 அக்டோபரில் இருந்த எண்ணிக்கைக்கு மேல் பொதுக்குடியிருப்புகளைக் கட்டவும் நடத்தவும் மத்திய அரசின் நிதியைப் பயன்படுத்துவதைத் தடுத்தது. 1990களில் சுமார் 14 லட்சமாக இருந்த பொதுக்குடியிருப்பு வீடுகள், இப்போது பத்து லட்சத்துக்கும் குறைவு.

தேவை மட்டும் குறையவில்லை. மத்திய அரசின் வாடகை உதவி, தகுதியுள்ள குடும்பங்களில் ஏறத்தாழ நான்கில் ஒன்றுக்கே கிடைக்கிறது. கட்டடங்களைப் பெரும்பாலும் இடிக்காமல் வைத்திருக்கும் நியூயார்க்கில், பழுதுகள் பற்றிய புகார்களுக்கு நடுவிலும், ஒரு வீட்டுக்காகப் பல ஆயிரம் குடும்பங்கள் ஆண்டுக்கணக்கில் காத்திருக்கின்றன.